ஆள்வோர் ஏடும் ஆளப்பட்டோர் வரலாறும்

1798ஆம் ஆண்டு ஆகஸ்டு, செப்டம்பர்த் திங்கள்களில் பாஞ்சாலங்குறிச்சிப் பாளையக்காரராகிய வீரபாண்டிய கட்டபொம்மன், கிழக்கிந்தியக் கும்பினியின் கலெக்டர் ஜாக்சனைக் கண்டு பேசுவதற்காக ஊர் ஊராக அலைந்தார். ஓலை விடுத்து அழைத்தவர் கலெக்டரே. ஆயினும் குற்றாலத்தில் பார்க்க இசைவு கிட்டவில்லை. சொக்கம்பட்டி, சிவகிரி, சேத்தூர், ஸ்ரீவில்லிபுத்தூர் எனக் கலெக்டரின் முகாம் பெயரப் பெயரப் பாளையக்காரரும் தம் பரிவாரத்துடன் பின்தொடர்ந்தார். நம் ஆமத்தூருக்கு அண்மையிலுள்ள பாவாலியும் அவ்வழிநடையில் வரும் ஊர்களுள் ஒன்றாகும். 23 நாள்கள், ஏறத்தாழ 400 மைல்கள் கடந்தபின், செப்டம்பர் 10ஆம் நாள் இராமநாதபுரத்தில் பேட்டி கிடைத்தது. அங்கே அவர் மூன்று மணி நேரம் நின்றபடியே விடை கூற வேண்டியதாயிற்று. கணக்குப் பார்த்ததில் 3310 பகோடா என்று சொல்லப்பட்ட பாக்கி, 1080 பகோடாவாகச் சுருங்கியிருந்தது. பேட்டி முடிந்து வெளியேறுகையில் நேர்ந்த கைகலப்பில் லெப்டினன்ட் கிளார்க் என்பார் இறந்தார். பாளையக்காரரின் அமைச்சர் சிவசுப்பிரமணிய பிள்ளை பிடிபட்டார்.

இச்செய்திகள் நமக்கு எங்ஙனம் தெரிய வந்தன? கட்டபொம்மன் நாட்குறிப்பு எழுதி வைத்தவர் அல்லர். கலெக்டரின் நடத்தை குறித்துச் சென்னைக் கவர்னருக்கு முறையீடு சென்றது. கும்பினியே பிரவுன், ஓரம், கசமேஜர் ஆகிய மூவரைக் கொண்டு ஒரு விசாரணைக் குழுவை அமைத்தது. அக்குழு பாளையக்காரர்மீது குற்றமில்லை என்று முடிவு கூற, ஜாக்சன் பதவி இழந்தார். கும்பினியின் கலெக்டர் இழைத்த அவமதிப்பைக் கும்பினியின் காகிதமே காட்டிக்கொடுக்கின்றது. அடுத்த ஆண்டே அதே கும்பினி அதே மனிதரைத் தூக்கிலிட்டது என்பதையும் சேர்த்தே நாம் படிக்க வேண்டும்.

அயலார் ஆட்சியையும் அரசின் வன்முறையையும் பற்றிப் படிக்கப் புகும் மாணவர் முதலில் எதிர்கொள்ளும் சிக்கல் இதுதான். அடித்தவர் எழுதினார், அடிபட்டவர் எழுதவில்லை, அல்லது எழுதியது நிலைக்கவில்லை. எனவே அடித்தவரின் ஏட்டைத் தள்ளிவிட்டுப் படிக்கவும் இயலாது. அதை அப்படியே நம்பிப் படிக்கவும் இயலாது. அதைப் படிப்பதற்கென்று ஒரு முறை வேண்டும். அம்முறையை நம் பகுதியின் எடுத்துக்காட்டுகள் சிலவற்றைக் கொண்டு விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

தமிழ்த் துறை மலரில் வரலாற்றுக் கட்டுரை எதற்கு என்று வினவுவோர் உளர். சுவடி படித்தவர்களுக்குப் பாடபேதம் புதியதன்று. ஒரு சொல் ஏன் இவ்விடத்தில் நிற்கிறது, உரையாசிரியர் எதை விளக்கி எதை விளக்காமல் விட்டார், இடைச்செருகல் எது என்றெல்லாம் ஆராயும் பழக்கம் தமிழ் மாணவனுக்கு வகுப்பறையிலேயே வாய்த்து விடுகின்றது. அப்பழக்கத்தைக் கலெக்டரின் கடிதத்தின்மேலும் செலுத்திப் பார்க்கலாம். அவ்வாறு பார்க்காததன் விளைவுதான், ஜாக்சனும் கட்டபொம்மனும் பேசியதாக 1959ஆம் ஆண்டுத் திரைப்படத்தில் வரும் உரையாடலை மாணவர் சிலர் தேர்வுத் தாளில் வரலாறாகவே எழுதி வைப்பது. எழுச்சி தரும் உரையாடல்தான். ஆனால் அது படத்திற்கென எழுதப்பட்டது.

முதலில் ஏடுகள் எங்கே உள்ளன என்பதைத் தெரிந்துகொள்ள வேண்டும். சென்னை எழும்பூரிலுள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகம், 1909இல் சென்னை ஆவண அலுவலகமாகத் தோன்றியது. அங்கே சென்று ‘விருதுநகர் மாவட்டம்’ என்று பத்தொன்பதாம் நூற்றாண்டுக் கட்டுகளைத் தேடினால் ஒன்றும் கிட்டாது. சாத்தூர், ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பகுதிகள் அக்காலத்தில் திருநெல்வேலி மாவட்டத்தைச் சேர்ந்தவை. 1910இல் இராமநாதபுரம் மாவட்டம் அமைந்தது முதல் நம் ஊர்களின் செய்திகள் அதன் பெயரில் வரும். 1985இல்தான் இன்றைய மாவட்டம் தனியே பிரிந்தது. ஆதலின் நம் பாட்டனார் காலத்துச் செய்தியை ஒரு மாவட்டத்தின் பெயரிலும், அவர்தம் பாட்டனார் காலத்துச் செய்தியை மற்றொரு மாவட்டத்தின் பெயரிலும் தேட வேண்டியுள்ளது.

இனிக் கயத்தாற்றுக்கு வருவோம். 1799 அக்டோபர் 16ஆம் நாள் மேஜர் பானர்மன், சுற்றுவட்டாரப் பாளையக்காரர்கள் அனைவரையும் கயத்தாற்றில் கூட்டினார். அவர்கள் கண்முன்னே கட்டபொம்மன்மீது குற்றச்சாட்டுப் படிக்கப்பட்டது, தீர்ப்புக் கூறப்பட்டது, அன்றே தூக்கிலிடப்பட்டார். விசாரித்தவரும் தீர்ப்பளித்தவரும் தண்டனையை நிறைவேற்றியவரும் ஒருவரே. மறுநாள் பானர்மன் சென்னைக்கு எழுதிய கடிதத்தைப் பிஷப் கால்டுவெல் 1881இல் வெளியிட்ட திருநெல்வேலி வரலாற்று நூலில் காணலாம். கடமையை முடித்த படைத்தலைவன் மேலிடத்துக்கு எழுதிய அறிக்கை அது. ஆனால் அதற்குள்ளே எதிர்பாராத சில வரிகள் கிடக்கின்றன. விசாரணையின்போது கைதி அஞ்சவில்லை என்றும், கூடியிருந்த பாளையக்காரர்கள்மீது ஏளனப் பார்வை வீசியபடி உறுதியுடன் தூக்கு மேடைக்கு நடந்தார் என்றும் அவர் எழுதுகிறார். வாய்பேச இயலாத தம் தம்பியைப் பற்றி மட்டுமே அவர் கவலை தெரிவித்தாராம். கோட்டையை விட்டு வந்திராமல் அதைக் காத்து நின்று மடிந்திருக்கலாமே என்று வருந்தினாராம்.

கட்டபொம்மனின் இறுதி நேரத்தைப் பற்றி நமக்குள்ள நெருங்கிய சான்று, அவரைத் தூக்கிலிட்டவரின் கையெழுத்திலேயே உள்ளது. இதைப் பானர்மன் ஏன் எழுதினார்? அவரது நெஞ்சில் ஈரம் சுரந்தது என்று கொள்வாரும் உண்டு. எனக்கு அவ்வாறு தோன்றவில்லை. இவ்வளவு துணிவுடைய பகைவனை உயிரோடு விட்டிருந்தால் பேராபத்து விளைந்திருக்கும் என்று மேலிடத்துக்கு உணர்த்துவதற்கே அவ்வரிகள் பயன்பட்டிருக்க வேண்டும். எழுதியவரின் நோக்கம் அதுவாகவே இருக்கட்டும். தம் நோக்கத்துக்காக அவர் பதிந்து வைத்த செய்தி, அவர் நோக்கத்தையும் கடந்து நமக்குப் பயன்படுகின்றது. ஏட்டை எதிர்த்திசையில் படித்தல் என்று நான் சொல்வது இதனையே. எழுதியவர் எதை நிறுவ விரும்பினார் என்பதை ஒருபுறம் வைத்து, நிறுவும் முயற்சியில் எதைத் தம்மையறியாமல் சொல்லிவிட்டார் என்பதை மறுபுறம் வைத்துப் பார்க்க வேண்டும். எல்லாப் பாளையக்காரர்களையும் கூட்டி வைத்தது ஏன் என்ற வினாவுக்கும் அக்கடிதத்திலேயே விடை உள்ளது. தண்டனை ஒருவருக்கு, பாடம் அனைவருக்கும்.

இரண்டாவதாகச் சொற்களைக் கவனிக்க வேண்டும். ‘கலகக்காரர்’ என்னும் சொல் கும்பினிக் காகிதங்களில் எங்கும் விரவிக் கிடக்கின்றது. யாருடைய ஆட்சிக்கு எதிரான கலகம்? அந்த ஆட்சிக்கு அம்மண்ணில் உரிமை எப்பொழுது வந்தது? இவ்வினாக்களை எழுப்பவிடாமல் தடுப்பதே அச்சொல்லின் வேலை. மருதநாயகம் என்றும் கான் சாகிபு என்றும் அறியப்பட்ட யூசுப் கானின் வரலாறு இதற்கு நல்ல சான்று. கும்பினிப் படையின் தளபதியாக இருந்து பாளையக்காரர்களை ஒடுக்கியவரை, புலித்தேவரின் கோட்டைகளை 1761இல் பிடித்தவரை, அக்காலக் காகிதங்கள் புகழ்ந்தன. அதே மனிதர் மதுரையில் தனித்து நின்று கும்பினியையும் ஆர்க்காட்டு நவாபையும் எதிர்த்தபோது துரோகி ஆனார். 1764 அக்டோபர் 15இல் மதுரையில் தூக்கிலிடப்பட்டார். நூற்றைம்பது ஆண்டுகள் கழித்து 1914இல் ஹில் என்பார் அவர் வரலாற்றை எழுதியபோதும், தலைப்பிலேயே அவரைக் கலகத் தளபதி என்று குறித்தார்.

யூசுப் கானை வாழ்த்தியோ வைதோ எழுதுவது எளிது. அவர் வரலாறு அதற்கு இடம் தருவதில்லை. ஒரு கையால் பாளையங்களை அழித்தவர், மறு கையால் கும்பினியை எதிர்த்தவர் அவர். நெற்கட்டுஞ்செவலில் நின்று பார்ப்பவருக்கு அவர் ஒருவராகவும், மதுரைச் சம்மட்டிபுரத்தில் அவர் அடக்கத்தலத்தில் நின்று பார்ப்பவருக்கு வேறொருவராகவும் தோன்றுவார். இரண்டு பார்வைக்கும் இடங்கொடுத்துப் படிப்பதே முறை.

சொல்லால் மறைப்பது ஒரு வகை. சொல்லையே அழித்துவிடுவது மற்றொரு வகை. 1801 பிப்ரவரியில் ஊமைத்துரை பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பி வந்து, இடிக்கப்பட்ட கோட்டையை மக்கள் துணையோடு மீண்டும் எழுப்பினார். மே 24இல் அது வீழ்ந்த பிறகு கோட்டை தரைமட்டமாக்கப்பட்டது. அந்நிலத்தை உழுது ஆமணக்கு விதைத்தனர். பாஞ்சாலங்குறிச்சி என்னும் பெயரையே அரசுக் கணக்குகளிலிருந்து நீக்குமாறு ஆணை பிறந்தது. வன்முறை ஆளையும் மதிலையும் தாண்டி ஏட்டுக்குள்ளும் புகுந்த இடம் அது. ஊர்ப்பெயரை அடித்துவிட்ட அதே அரசு, முற்றுகையில் மாண்ட தன் படையினர்க்கு அங்கே கல்லறைகள் எழுப்பியது. அடுத்த தரப்பில் மாண்டோர்க்குக் கல்லும் இல்லை, பட்டியலும் இல்லை.

எண்களையும் இங்ஙனமே படிக்க வேண்டும். ஆட்சியின் ஏடுகளில் தன்னவர் உயிரிழப்பு பெயராகவும் பதவியாகவும் வரும். எதிர்த்தவர் உயிரிழப்பு ‘ஏறத்தாழ’ என்று வரும். 1806 சூலை 10ஆம் நாள் வேலூர்க் கோட்டையில் சிப்பாய்கள் எழுந்தனர். புதிய தலைப்பாகையும், நெற்றிக் குறிகளுக்கும் காதணிக்கும் தாடிக்கும் விதித்த தடைகளும் இந்து, முஸ்லிம் சிப்பாய்கள் இரு சாராரையும் ஒருங்கே புண்படுத்தியிருந்தன. திப்பு சுல்தானின் மக்கள் அக்கோட்டையிலேயே காவலில் இருந்தனர். ஆர்க்காட்டிலிருந்து விரைந்து வந்த கில்லெஸ்பியின் குதிரைப்படை அன்று காலையிலேயே கோட்டையை மீட்டது. கோட்டைக் கதவைப் பீரங்கியால் தகர்த்துத் திறந்த பிளாக்கிஸ்டன் என்னும் பொறியாளர் பின்னாளில், 1829இல், தம் நினைவுகளை நூலாக்கினார். அரண்மனைக்குள் புகலடைந்திருந்த நூற்றுக்கும் மேற்பட்ட சிப்பாய்களை வெளியே இழுத்து வந்து, சுவரோரம் நிறுத்திச் சுட்டுக் கொன்றதை அவர் அதில் சொல்கிறார். போர் முடிந்த பின் நடந்த கொலை அது. அதைத் தாம் கலங்காமல் பார்க்க முடிந்தது என்றும் சொல்கிறார். அந்தக் கலங்காமையே ஒரு சான்று அன்றோ! எத்தனை பேர் என்ற துல்லியமான எண்ணை அவர் தரவில்லை. தர வேண்டும் என்ற எண்ணமும் அவர்க்கு எழவில்லை.

1919 ஏப்ரல் 13இல் அமிர்தசரசில் ஜெனரல் டயரின் படை 1650 முறை சுட்டது. எண்ணிப் பதிந்து வைத்தது தோட்டாக்களை. இறந்தோர் 379 என்பது அரசின் கணக்கு. காங்கிரசின் கணக்கோ ஆயிரத்தை எட்டியது. செலவான தோட்டா ஒன்றுகூடத் தவறாமல் கணக்கில் ஏற, மாண்ட மனிதரின் தொகை மட்டும் இன்றளவும் வழக்காடப்படுகின்றது. ஹண்டர் குழுவின் முன் டயர் அளித்த வாக்குமூலமும் படிக்கத்தக்கது. கவச வண்டிகள் அச்சந்துக்குள் நுழைய முடிந்திருந்தால் இயந்திரத் துப்பாக்கியையும் பயன்படுத்தியிருப்பேன் என்று பொருள்பட அவர் தயங்காமல் கூறினார்.

அதற்கு முன்பே நம் திருநெல்வேலியில் இது நடந்தது. 1908 மார்ச் 12இல் வ.உ.சிதம்பரனாரும் சுப்பிரமணிய சிவாவும் கைதாயினர். மறுநாள் திருநெல்வேலியிலும் தூத்துக்குடியிலும் கடைகள் அடைபட்டன; அரசு அலுவலகங்கள் தாக்கப்பட்டன. திருநெல்வேலியில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் நால்வர் இறந்தனர். ஒருவர் முஸ்லிம், ஒருவர் தாழ்த்தப்பட்ட வகுப்பினர், ஒருவர் கோயில் பூசாரி, ஒருவர் ரொட்டிக் கடைத் தொழிலாளி. தலைவர்களின் பெயர்கள் நூல்களை நிறைக்க, இந்நால்வர் நெடுங்காலம் வெறும் எண்ணாகவே கிடந்தனர். ஆ.இரா.வேங்கடாசலபதி போன்ற ஆய்வாளர்கள் அரசுக் கட்டுகளையே கிளறித்தான் அவ்வெழுச்சியின் முழு உருவத்தையும் மீட்டெடுத்தனர்.

1921 நவம்பரில் மலபாரில் நடந்த கொடுமையைப் பெரியோர் அறிவர். திரூரில் ஏறத்தாழ நூறு கைதிகளை ஒரு மூடிய சரக்குப் பெட்டிக்குள் அடைத்து இரயிலில் அனுப்பினர். அவர்களுள் மிகப் பெரும்பாலோர் மாப்பிள்ளைமார். காற்று வர வேண்டிய கம்பிவலை, வண்ணப் பூச்சாலும் தூசியாலும் அடைபட்டிருந்தது. நம் கோவைக்கருகில் போத்தனூரில் கதவைத் திறந்தபோது பிணக்குவியலே கண்ணில் பட்டது. மாண்டோர் மொத்தம் அறுபதுக்கும் மேற்பட்டோர். வரலாற்று நூல்கள் இதற்கு இட்ட பெயர் ‘வேகன் துயரம்’ என்பதாகும். துயரம் என்னும் சொல்லில் பாதிக்கப்பட்டவர் உண்டு, செய்தவர் இல்லை. புயலும் துயரம், வெள்ளமும் துயரம். பெட்டிக்குள் அடைத்துப் பூட்டிய கையை அச்சொல் நம் கண்ணிலிருந்து அகற்றி விடுகின்றது. எழுவாய் இல்லாத வாக்கியங்களைக் கண்டால் எச்சரிக்கை வேண்டும். ‘துப்பாக்கிச் சூடு நடைபெற்றது’ என்ற தொடரில் சுட்டவர் எங்கே? இலக்கணம் கற்ற மாணவரே கேட்க வேண்டிய கேள்வி இது.

துப்பாக்கி வெடித்தால்தான் வன்முறை என்று கொள்ளுதலும் பிழை. 1899இல் சிவகாசியில் சாதிக் கலகம் மூண்டு ஊர் எரிந்த பின், கூடுதல் காவற்படையை நிறுத்திய அரசு, அதன் செலவை அப்பகுதி மக்கள் தலையிலேயே வரியாகச் சுமத்தியது. கலகத்தில் கலந்தவர், கலவாதவர் என்ற வேறுபாடு அவ்வரிக்கு இல்லை. 1908க்குப் பின் திருநெல்வேலிக்கும் தூத்துக்குடிக்கும் இதே தண்டவரி வந்தது. ஓர் ஊரையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றும் சட்டம் இது.

பிறப்பையே குற்றமாக்கிய சட்டமும் இருந்தது. 1871இல் வட இந்தியாவில் தொடங்கிய குற்றப் பழங்குடிச் சட்டம், 1911இல் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. இன்ன சாதியில் பிறந்த ஆண்கள் அனைவரும் கைரேகை பதிய வேண்டும். இரவில் காவல் நிலையத்தில் முகங்காட்ட வேண்டும். சீட்டு இல்லாமல் அயலூர் செல்லுதல் கூடாது. மக்கள் அதனை ரேகைச் சட்டம் என்றே அழைத்தனர். 1920 ஏப்ரல் 3ஆம் நாள் உசிலம்பட்டிக்கு அருகிலுள்ள பெருங்காமநல்லூரில் மக்கள் ரேகை வைக்க மறுத்துத் திரண்டனர். காவல் துறை சுட்டதில் 16 பேர் மாண்டனர். அவர்களுள் மாயக்காள் என்னும் பெண்ணும் ஒருவர். காயம்பட்டவர்களுக்குத் தண்ணீர் கொடுக்கச் சென்றவர் என்று அவ்வூரார் சொல்வர். அம்மக்களுக்காக வாதாடிய வழக்கறிஞர் ஜார்ஜ் ஜோசப்பை ‘ரோசாப்பூ துரை’ என்று அவர்கள் அன்போடு அழைத்ததும், தம் பிள்ளைகளுக்கு அப்பெயரை இட்டதும் இன்றும் மதுரை மாவட்டத்தில் நிற்கும் நினைவுகள். சென்னை மாகாணத்தில் 1947இல் அச்சட்டம் நீங்கிற்று.

அமிர்தசரசு நடந்து ஓராண்டு நிறைவதற்குள், நம் ஊரிலிருந்து ஒரு பகற்பொழுதில் போய்வரத்தக்க தொலைவில் பெருங்காமநல்லூர் நடந்துள்ளது. முன்னதை எல்லாப் பாடநூலும் சொல்லும். பின்னதைப் பலகாலம் ஒரு நூலும் சொல்லவில்லை. சுடப்பட்டவர்களுக்குச் சட்டம் ஏற்கெனவே ‘குற்றப் பரம்பரை’ என்று பெயர் சூட்டி வைத்திருந்தமையே இதன் காரணம் என்று கருதுகிறேன். பெயரைச் சூட்டியபின் செய்வது எதுவும் கொடுமையாகத் தோன்றாது, நிருவாகமாகத் தோன்றும்.

இவ்வளவும் சொன்னதால், அரசு ஏடு பொய், மக்கள் பாட்டு மெய் என்று முடிவுகட்டி விடலாகாது. கட்டபொம்மன் கதைப்பாடல், கான்சாகிபு சண்டை முதலியவற்றைப் பேராசிரியர் நா.வானமாமலை பதிப்பித்து நமக்குப் பேருதவி புரிந்தார். பாடல்களில் மக்களின் நெஞ்சம் இருக்கும். நாளும் எண்ணும் சில வேளை இராது. 1377இல் ‘முகத்திமா’ எழுதிய இப்னு கல்தூன், தமக்கு முற்பட்ட வரலாற்றாசிரியர்கள் தந்த பெரும்படைக் கணக்குகளை எடுத்துக்கொண்டு, அத்தனை பேர் அந்நிலத்தில் அணிவகுக்க இடம் உண்டா, அந்நாடு அவ்வளவு படையைத் தாங்குமா என்று வினவினார். சொன்னவர் நம்மவர் என்பதற்காக அவர் விட்டுவிடவில்லை. மாற்றார் ஏட்டை உரசிப் பார்க்கும் அதே கல்லில் நம்மவர் பாட்டையும் உரசிப் பார்ப்பதற்குத் துணிவு வேண்டும். ஊர்ப் பெருமை, சாதிப் பெருமை என்று வரலாற்றைப் பங்குபோட்டுக் கொள்ளும் பழக்கம் நம் மாவட்டங்களில் விளைவித்துள்ள தீங்கைப் பெரியோர்க்கு நான் எடுத்துரைக்க வேண்டியதில்லை.

ஏடுகளே மறைக்கப்படுதலும் உண்டு. கென்யாவில் 1950களில் மாவ் மாவ் எழுச்சியை அடக்கிய பிரிட்டிஷ் அரசு, நாட்டை விட்டு வெளியேறும்போது பல கோப்புகளை எரிக்கவும் கடலில் ஆழ்த்தவும் ஆணையிட்டது. எஞ்சியவற்றைத் தன் நாட்டுக்கு எடுத்துச் சென்று ஹான்ஸ்லோப் பார்க் என்னுமிடத்தில் பூட்டி வைத்தது. சிறை முகாம்களில் வதைபட்ட முதியோர் சிலர் இலண்டன் நீதிமன்றத்தில் தொடுத்த வழக்கின் காரணமாக 2011இல் அக்கோப்புகள் வெளிவந்தன. 2013இல் 5228 பேருக்கு ஏறத்தாழ 2 கோடிப் பவுன் இழப்பீடு தர அவ்வரசு இசைந்தது. முதியோரின் நினைவைக் கட்டுக்கதை என்று தள்ளிவிட முடியாதபடி, பூட்டி வைத்த ஏடே அவர்களுக்குச் சாட்சியாயிற்று.

வெள்ளையரோடு இவ்வகை ஏடுகள் முடிந்துவிடவில்லை. 2018 மே மாதம் தூத்துக்குடியில் ஆலை எதிர்ப்புப் போராட்டத்தின்போது காவல் துறை சுட்டதில் 13 பேர் இறந்தனர். நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் அறிக்கை 2022இல் சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது. 1908இல் அதே ஊரிலும் திருநெல்வேலியிலும் நடந்தவற்றைப் பற்றிய அரசுக் குறிப்புகளையும், இவ்வறிக்கையையும் அருகருகே வைத்துப் படிக்கும் மாணவர், எச்சொற்கள் மாறியுள்ளன, எச்சொற்கள் மாறாமல் நிற்கின்றன என்று கண்டறியலாம். எம் மாணவருள் எவரேனும் ஆய்வேட்டுக்குப் பொருள் தேடினால் இதனை எடுத்துக்கொள்வாராக.

மேலும் ஒன்று. ரேகைச் சீட்டையும் தண்டவரி ரசீதையும் பழைய வழக்குத் தீர்ப்பு நகலையும் வீட்டுப் பரணில் வைத்திருக்கும் குடும்பங்கள் இப்பக்கம் இருக்கக்கூடும். கரையான் அரிக்குமுன் அவற்றைப் பிள்ளைகளிடம் காட்டுமாறு ஊர்ப் பெரியோர்களை வேண்டுகிறேன். அவமானம் என்று மறைத்து வைத்த காகிதமாயினும் காட்டலாம். அவமானம் காகிதத்தை எழுதியவருடையது.

தொடங்குவதற்கு ஒரு நூல் சொல்லுங்கள் என்று மாணவர் கேட்பதுண்டு. கர்னல் வெல்ஷ் 1830இல் வெளியிட்ட படைத்துறை நினைவுகளைச் சொல்வேன். அவர் 1801ஆம் ஆண்டுப் போரில் கும்பினியின் பக்கம் நின்றவர். ஊமைத்துரை காயமுற்று வீழ்ந்து கிடந்தபோது, தன் மகனைத் தேடி வந்த தாயொருத்தி, அம்மகனின் வேண்டுகோளுக்கிணங்கி அவனை விட்டுவிட்டு ஊமைத்துரையைத் தூக்கிச் சென்றதையும், தேடி வந்த எட்டயபுரத்தாரிடம் அம்மை கண்டு இறந்த பிணம் என்று கூறிக் காத்ததையும் நமக்கு எழுதி வைத்தவர் அவரே. சின்ன மருதுவைப் பற்றியும் அவர் எழுதுகிறார். 1795இல் தமக்கு ஈட்டி எறியவும் வளரி வீசவும் முதன்முதலில் கற்றுத் தந்தவர் சின்ன மருது என்பதை மறைக்காமல் சொல்கிறார். ஆறு ஆண்டுகளுக்குப் பின் அதே மனிதர் காட்டு விலங்குபோல வேட்டையாடப்பட்டு, தொடை முறிந்த நிலையில் பிடிபட்டு, 1801 அக்டோபர் 24இல் திருப்பத்தூரில் தமையனாருடன் தூக்கிலிடப்பட்டார். சின்ன மருதுவின் மகன் துரைசாமிக்கு அப்போது பதினைந்து வயதளவில் இருக்கும். 1802 பிப்ரவரியில் தூத்துக்குடியிலிருந்து எழுபதுக்கும் மேற்பட்டோரோடு விலங்கிட்டுப் பினாங்குத் தீவுக்குக் கப்பலேற்றப்பட்டார். 1818இல் வெல்ஷ் பினாங்கு சென்றிருந்தபோது, தளர்ந்து முதிர்ந்த தோற்றமுடைய ஒருவர் அவரைக் காண வந்தார். அடையாளம் தெரியாமல் பெயரைக் கேட்டார் வெல்ஷ். வந்தவர் துரைசாமி. அவ்வாண்டு அவருக்கு வயது முப்பத்திரண்டு அளவில்தான் இருந்திருக்க வேண்டும்.